கடைசிப் பக்கத்துக் குமிழி

அந்தப் படக்கதையின் கடைசிப் பக்கத்தில் ஆறு பெட்டிகள் உண்டு. முதல் பெட்டியில் விடியற்காலைத் தெரு. இரண்டாவதில் ஒரு வீட்டுப் படலை. மூன்றாவதில் கதாநாயகன் தன் முகமூடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறான். முகம் நிழலில் இருப்பதால் என்ன நினைக்கிறான் என்று தெரியாது. நான்காவதில், அடுப்படியில் நிற்கும் பெண் ஏதோ சத்தம் கேட்டுத் திரும்புகிறாள். ஐந்தாவதில் மூடிய கதவுக்கு முன்னால் உயர்த்திய ஒரு கை. அந்தக் கையில் முகமூடி இல்லை. ஆறாவதில் கதவு மட்டும், வீட்டின் உள்ளேயிருந்து பார்த்தபடி. பெட்டியின் ஓரத்தில், அந்தப் பெண் நிற்கும் பக்கத்திலிருந்து ஒரு பேச்சுக் குமிழி. அதற்குப் பிறகு பின்னட்டைதான்.

முகமூடியை எறிந்துவிட்டானா, திரும்பப் போட்டுக்கொண்டானா? கதவைத் தட்டினானா, தட்டாமலே போய்விட்டானா? அவள் திறந்தாளா? ஒன்றையும் சொல்லாமல் முடித்துவிட்டார்கள். இப்படிக் கதை முடிக்கிறவர்களை ஒரு அறையில் பூட்டி, மிச்சத்தை எழுதும்வரை சோறு கொடுக்கக் கூடாது என்று இருபத்துநான்கு வயதில் சொல்லித் திரிந்தேன். இப்போது எனக்கு முப்பத்தாறு. கோபம் அப்படியே இருக்கிறது. யார்மீது என்பதுதான் மாறிவிட்டது.

அந்தப் புத்தகத்தை எனக்குக் கொண்டுவந்தவன் என்னோடு வந்தாறுமூலைப் பல்கலைக்கழகத்தில் படித்தவன். வெல்லாவெளிப் பக்கத்து ஆள். மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே சூரியன் விழுகிற கரை படுவான்கரை, அது அவனுடையது. நான் கல்லடி, சூரியன் எழும்புகிற எழுவான்கரைக்காரி. வீட்டுக்குப் போவதென்றால் அவன் கம்பஸிலிருந்து இரண்டு பஸ் மாறி, குருமண்வெளித் துறையில் வாவியைக் கடக்கும் மிதவையில் ஏறி, மண்டூரில் இறங்கி, பிறகு யாருடைய மோட்டார் சைக்கிளிலாவது தொற்றிக்கொள்ள வேண்டும். அதனால் மாதத்துக்கு ஒருமுறைதான் போவான். மற்ற நாட்களில் கம்பஸுக்கு அருகில் ஒரு வீட்டில் வாடகைக்கு இருந்தான்.

கணக்கில் கெட்டிக்காரன். கையெழுத்து அச்சுக் கோத்ததுபோல இருக்கும். ஆங்கிலம்தான் அவனைப் படாதபாடு படுத்தியது. இறுதி வருடத்தில் ஆங்கிலப் பாடத்தில் சித்தி எய்தாவிட்டால் பட்டம் கையில் வராது. எங்களுக்கு ஆங்கிலம் எடுத்த மிஸ் நல்ல மனுசி. பாடப் புத்தகத்தை இவனுக்கு முன்னால் வைத்தால் கண் செருகிவிடுகிறது என்று கண்டுபிடித்து, தன்னிடம் இருந்த ஒரு படக்கதைப் புத்தகத்தைக் கொடுத்தார். மூன்று நாள்தான் தவணை. அந்த மாதமே அவர் அவுஸ்திரேலியாவுக்குப் போக இருந்தார், புத்தகத்தையும் பெட்டியில் வைக்க வேண்டியிருந்தது.

மூன்று நாளில் அவன் அதை எங்கே வாசிப்பது? கம்பஸ் வாசலில் இருந்த கடையில் முழுப் புத்தகத்தையும் போட்டோ கொப்பி அடித்துவிட்டான். நாங்கள் நாலு வருடமும் அப்படித்தானே படித்தோம். எங்களில் யாரும் அட்டையோடு ஒரு புத்தகத்தைப் பார்த்ததே குறைவு. அந்தக் கிழமை முழுக்க எனக்குக் காய்ச்சல், வீட்டில் கிடந்தேன். திரும்பிப் போனபோது மூலம் இல்லை, மிஸ்ஸும் இல்லை. கறுப்பு வெள்ளைத் தாள் கட்டு ஒன்றைக் கயிற்றால் கட்டிக் கொண்டுவந்து எனக்கு முன்னால் வைத்தான். இதை நாங்கள் தமிழாக்குவோம், எனக்கும் ஆங்கிலம் வரும், உனக்கும் வாய் ஓயும் என்றான். எனக்கு வாய் கொஞ்சம் நீளம் என்பதை அவன் அப்படித்தான் சொல்லுவான்.

ஒரு ஒழுங்கு வைத்துக்கொண்டோம். கட்டு அவனிடம்தான் இருக்கும். ஒவ்வொரு நாளும் இரண்டு பக்கம் கொண்டுவருவான். நூலகப் படிக்கட்டில் உட்கார்ந்து, குமிழிகளில் உள்ள ஆங்கிலத்தை நான் ஒரு கொப்பியில் வரிசை நம்பர் போட்டு எழுதிக்கொள்வேன். அவன் அந்தப் பக்கங்களைக் கொண்டுபோய்க் குமிழிகளுக்கு டிப்பெக்ஸ், அதுதான் எழுத்தை மறைக்கிற வெள்ளை மை, அடித்துக் காயவைப்பான். அடுத்த நாள் நான் தமிழைச் சொல்ல, அவன் அந்த அச்சுக் கையெழுத்தில் வெள்ளையின் மேல் எழுதுவான். முன்னுக்குப் போய் வாசிப்பதில்லை என்பது என்னுடைய சட்டம். முடிவு தெரிந்த கதையை மொழிபெயர்க்க எனக்குப் பொறுமை வராது. நான் எழுதிக்கொள்ளாத பக்கத்துக்கு அவன் டிப்பெக்ஸ் அடிக்கக் கூடாது என்பதும் என்னுடைய சட்டம்தான். சட்டங்கள் எல்லாம் என்னுடையவை. அவன் தலையை ஆட்டிக்கொண்டு அவற்றுக்குள் வாழப் பழகிவிட்டான்.

கதை இருட்டான கதை. ஒரு துறைமுகப் பட்டினம். அம்புலன்ஸ் ஓட்டும் ஒருவன், தான் ஏற்றிப் போகிற பிணங்களுக்கெல்லாம் காரணமானவர்கள் நிம்மதியாக உலாவுவதைப் பார்த்துப் பொறுக்க முடியாமல் முகமூடி போடுகிறான். முதல் அத்தியாயத்தில் மனைவியிடம் கொஞ்ச நாளில் வந்துவிடுகிறேன் என்று சொல்லிப் போகிறான். அந்தக் கொஞ்ச நாள் பன்னிரண்டு வருடமாகிறது. முதலில் திருடர்களைப் பிடிக்கிறான், பிறகு அடிக்கிறான், பிறகு கையைக் காலை முறிக்கிறான், பிறகு கொல்லுகிறான். பாதிப் புத்தகத்துக்குப் பிறகு அவனைப் பிடிக்கிறதா பிடிக்கவில்லையா என்று நமக்கே தெரியாது. கடைசியில் துறைமுகத்தில் தீப்பிடித்து அவன் செத்துப்போனதாக ஊர் நம்புகிறது. அவனும் ஊரை நம்பவிட்டு, வீட்டுக்குத் திரும்பி நடக்கிறான்.

ஒருநாள் இரண்டு பக்கங்களை வீட்டுக்குக் கொண்டுபோயிருந்தேன். மேசையில் கிடந்ததை அம்மா கண்டுவிட்டார். கண் இருக்கும் இடத்தில் மட்டும் இரண்டு ஓட்டை வைத்த முகமூடி, பக்கம் முழுவதும் ஒரே படம். அம்மா தாளைக் குப்புறத் திருப்பி வைத்தார்.

"இந்தப் படத்த வீட்டுக்குள்ள வைக்காத மகள்," என்றார்.

ஏன் என்று எங்கள் பக்கத்தில் யாரும் கேட்கத் தேவையில்லை. யுத்த காலத்தில் இராணுவம் சுற்றிவளைத்து ஊரையே மைதானத்தில் வரிசையாக நிறுத்தி வைத்திருக்கும்போது, ஜீப்புக்குள் இருந்து முகத்தை மூடிய ஒருவன் தலையை ஆட்டுவான். அவன் யாரைப் பார்த்து ஆட்டினானோ அவனைக் கொண்டுபோய்விடுவார்கள். அம்மா தன் தம்பியோடு அந்த வரிசையில் நின்றவர். மாமாவுக்குத் தலை ஆடவில்லை, அவருக்குப் பக்கத்தில் நின்றவருக்கு ஆடியது. எங்கள் ஊரில் முகமூடி போட்ட எவனும் யாரையும் காப்பாற்ற வந்ததில்லை. இதை நூலகப் படிக்கட்டில் அவனிடம் சொன்னேன். முகமூடியோடு போய்த் தட்டினால் எந்தப் பெண்ணும் கதவு திறக்க மாட்டாள், அப்படித்தானே என்று கேட்டான். நான் அதைக் கதையைப் பற்றிய கேள்வி என்றே எடுத்துக்கொண்டேன்.

இந்த இடத்தில் எங்கள் பக்கத்து வழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் எங்கள் சண்டை வேறு ஊர்க்காரர்களுக்கு விளங்காது. மட்டக்களப்பில் வீடு பெண்ணுக்கு. மகள் பிறந்தால் அவளுக்கு ஒரு வீடு கட்ட வேண்டும், அதை அவள் பேரில் எழுத வேண்டும். கல்யாணம் முடித்த ஆண் தன் உடுப்புப் பெட்டியோடு மனைவியின் வீட்டுக்குப் போய் இருப்பான். அப்பாவுக்கு ஏலாவிட்டால் அண்ணன்தான் தங்கைகளுக்கு வீடு கட்டுவான். தங்கைகளை வீடு கொடுத்து இருத்தாமல் தன் கல்யாணத்தைப் பற்றி வாய் திறக்கிற ஆணுக்கு ஊரில் நல்ல பெயர் கிடைக்காது. எனக்குக் கூடப்பிறந்தவர்கள் இல்லை. அப்பா எனக்குப் பத்து வயதிலேயே அத்திவாரம் போட்டு, நான் கம்பஸுக்கு எடுபட்ட வருடம் கூரை போட்டுவிட்டார். அவனுக்குத் தங்கைகள் இரண்டு பேர்.

அவர்களை ஒருமுறை பார்த்தேன். மண்டூர்க் கோயில் திருவிழாவுக்கு எங்கள் வருடத்துப் பெட்ச் முழுவதும் போய், அப்படியே அவன் வீட்டுக்கும் போனோம். அறுவடை முடிந்த வட்டை கண்ணுக்கு எட்டும்வரை வெறுமனே கிடந்தது. அந்த வயல்வெளியில் அவனுடைய அப்பா மற்றவர்களுடைய காணியைக் குத்தகைக்குச் செய்கிறவர். வளவுக்குள் ஒரு பக்கம் மூத்த தங்கைக்கு அத்திவாரம் போட்டு, அதற்கு மேல் போகாமல் புல் முளைத்திருந்தது. மறுபக்கம் நாலு மூலையில் கட்டை இறுக்கிக் கயிறு கட்டியிருந்தார்கள், அது இளையவளுக்கு. அத்திவாரத்தின் மேல் பாய் விரித்து எங்களை இருத்திச் சாப்பாடு போட்டார்கள். உனக்கு எந்த மூலை என்று யாரோ பகிடியாகக் கேட்க, எனக்கு எங்க, போற வீட்டில ஒரு மூலை தந்தாக் காணும் என்றான். எல்லாரும் சிரித்தார்கள். நான் சோற்றைப் பிசைந்துகொண்டு, எங்கள் வீட்டில் எந்த மூலையைக் கொடுக்கலாம் என்று யோசித்தேன். சத்தியமாக அப்படித்தான் யோசித்தேன். அடுக்களைக்குப் பக்கத்து அறையில் வெளிச்சம் நல்லம், அவனுக்கு எழுத வசதி என்றுகூடத் தீர்மானித்துவிட்டேன்.

இவ்வளவையும் யோசித்தவள் வாய் திறந்து ஏன் சொல்லவில்லை என்று என்னை நானே எத்தனையோ தரம் கேட்டிருக்கிறேன். உலகத்தில் உள்ள எல்லாவற்றையும் பற்றிப் பேசுகிற வாய் இது. அதைப் பற்றி மட்டும் ஆண்பிள்ளை கேட்கட்டும் என்று இருந்துவிட்டது. தங்கைகளை இருத்தாத ஆண்பிள்ளை கேட்க முடியாது என்பதைத் தெரிந்துகொண்டுதான் அப்படி இருந்தேன். அதுதான் என்னுடைய பெரிய மடத்தனம்.

புத்தகத்தின் முடிவு நெருங்க நெருங்க எங்களுக்குள் வாதம் கூடியது. வீடு திரும்பி நடக்கிறானே, போய்ச் சேருவானா? நான் சேருவான் என்றேன். ஆண் போய் இருக்க வேண்டியது மனைவி வீட்டில்தானே, அவன் அவனுடைய இடத்துக்குத்தான் போகிறான், இதில் என்ன கஷ்டம் என்று கேட்டேன். அவன் ஒத்துக்கொள்ளவில்லை.

"தங்கச்சிமார இருத்தாம அவன் எப்பிடி அந்த வீட்டுக்குள்ள போவான்?" என்றான்.

அவனுக்குத் தங்கச்சி இருக்கிறது என்று யார் சொன்னது என்று சிரித்தேன். இல்லையெண்டு புத்தகத்தில எங்க சொல்லிக்கிடக்கு என்று அவன் திருப்பிக் கேட்டான். அவன் முகத்தில் சிரிப்பு இல்லை. நான் அதையும் கவனிக்காமல், ஆங்கிலக் கதாநாயகனுக்குப் படுவான்கரைத் தங்கைகளைக் கொடுத்த முதல் ஆள் நீதான் என்று படிக்கட்டில் போகிற வருகிற எல்லாருக்கும் சொல்லிச் சிரித்தேன்.

அதற்கு மூன்று நாளைக்குப் பிறகு கடைசிப் பக்கம் வந்தது. அன்றைக்கு அவன் ஒரே ஒரு தாள்தான் கொண்டுவந்தான். வழமையாக என் கையில் தருகிறவன், அன்று படிக்கட்டில் வைத்துத் தள்ளிவிட்டான். நான் மேலே சொன்ன ஆறு பெட்டிகள். ஐந்து பெட்டிகளில் பேச்சே இல்லை. ஆறாவதில் இருந்த ஒரே குமிழிக்கு ஏற்கெனவே டிப்பெக்ஸ் அடித்திருந்தது. தடிப்பாக, காய்ந்து, மேட்டோடு.

நான் என்னவென்று கேட்டேன். காயட்டும் என்று முன்னுக்கே அடித்துவிட்டேன், உன்னிடம் காட்ட மறந்துபோனேன் என்றான். அதற்குள் என்ன எழுதியிருந்தது என்று கேட்டேன். ஞாபகம் இல்லை என்றான். கதை முழுவதற்கும் காத்திருந்த ஒரு வசனம், அந்தப் பெண் பன்னிரண்டு வருடத்துக்குப் பிறகு சொன்ன ஒரே வசனம், ஞாபகம் இல்லையாம். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. ஒரு சட்டத்தைத்தானே ஒழுங்காகக் கடைப்பிடிக்கச் சொன்னேன், அதுவும் ஏலாதா என்று நூலகத்துக்குள் இருந்தவர்கள் எட்டிப் பார்க்கும்படி பேசினேன். அவன் பேனையை மூடி, திறந்து, மூடிக்கொண்டிருந்தான்.

"நீயே போடன். அந்தப் பொம்பிள என்ன சொல்லுவா எண்டு உனக்குத் தெரியாதா?" என்றான்.

"இருக்கிறதச் சொன்னாத்தான் மொழிபெயர்ப்பு. இல்லாதத எழுதினா அதுக்குப் பேர் பொய்," என்றேன் நான்.

இவ்வளவு அழகான வசனத்தை அதற்குப் பிறகு என் வாழ்நாளில் நான் சொன்னதில்லை. மொழிபெயர்ப்பைப் பற்றி ஏதாவது கட்டுரை எழுதினால் முதல் வரியாக வைக்கலாம். அவன் சரி என்று எழும்பிப் போனான். தாள் என்னிடம் இருந்தது.

நான் சும்மா விடவில்லை. தாளை வெயிலுக்குப் பிடித்துப் பார்த்தேன், ஒன்றும் தெரியவில்லை. பிளேடால் மெல்லச் சுரண்டினேன். வெள்ளை உதிர்ந்தது, கீழே வெறும் தாள்தான் இருந்தது. பாவி, எழுத்தும் சேர்ந்து உரிந்துவிட்டது என்று முடிவு கட்டினேன். கடையில் அடிக்கிற மலிவு மைக்கு அப்படி நடக்கக்கூடியதுதான் என்று எனக்கு நானே விளக்கமும் சொன்னேன். கண்ணுக்கு முன்னால் இருந்ததை நம்பாமல், அவுஸ்திரேலியாவில் இருந்த மிஸ்ஸுக்கு ஈமெயில் போட்டேன். புத்தகம் இன்னும் கப்பலில் வருகிறது, வந்ததும் பார்த்துச் சொல்கிறேன் என்று பதில் போட்டார். பிறகு சொல்லவே இல்லை. நான் இரண்டு தரம் நினைவூட்டினேன். ஒவ்வொரு தரமும் அவன் மிஸ் என்ன சொன்னா என்று கேட்பான், இன்னும் இல்லை என்பேன், தலையை ஆட்டிக்கொண்டு போவான்.

பரீட்சை வந்தது. அவன் ஆங்கிலத்தில் சித்தியடைந்தான். பெறுபேறு வந்த அடுத்த மாதம் கட்டாருக்குப் போவதாகச் சொன்னான், ஒரு கட்டுமானக் கொம்பனியில் அளவெடுக்கும் வேலை. தாள் கட்டைக் கயிற்றோடு கொண்டுவந்து என்னிடம் தந்தான். கடைசிக் குமிழி நிரம்பினால் ஒரு படம் எடுத்து அனுப்பு என்றான். மூலம் கிடைத்தால் பார்ப்போம் என்றேன். மூலம். அந்தச் சொல்லை இப்போது எழுதும்போதே என் கையில் ஒரு அடி போட வேண்டும்போல இருக்கிறது.

அவன் போய் மூன்றாம் வருடத்தில் மூத்தவளுடைய வீடு முடிந்தது. ஐந்தாம் வருடத்தில் இளையவளுடையது. இடையிடையே பேசினோம், பிறகு பெட்ச் வட்ஸ்அப்பில் பிறந்தநாள் வாழ்த்தோடு நின்றது. வாழைச்சேனையில் ஒரு பெண்ணின் வீட்டுக்கு அவன் மாப்பிள்ளையாகப் போனதையும் அந்த வட்ஸ்அப்பில்தான் பார்த்தேன். கலியாணத்துக்கு அழைப்பு வந்தது. விடைத்தாள் திருத்துகிற வேலை என்று நான் போகவில்லை. உண்மையிலேயே விடைத்தாள் இருந்தது. ஆனால் இருந்திருக்காவிட்டாலும் போயிருக்க மாட்டேன்.

நான் ஆங்கில ஆசிரியை ஆனேன். என் வீடு இருக்கிறது, உத்தியோகம் இருக்கிறது, அம்மாவும் அப்பாவும் என்னோடு இருக்கிறார்கள். கல்யாணத் தரகர் வந்து தேநீர் குடித்துப் போவார். வந்த இடங்களில் குறை கண்டுபிடிப்பது எனக்குக் கைவந்த கலை. ஒருவர் நடக்கும்போது காலை இழுக்கிறார், ஒருவர் சாப்பிடும்போது சத்தம் போடுகிறார், ஒருவருடைய கையெழுத்து கோழி கிளறியதுபோல இருக்கிறது. மாப்பிள்ளையின் கையெழுத்தை யார் பார்க்கிறார்கள் என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டார். நான் பார்க்கிறேன் என்றேன். அம்மா அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை. தெரிந்துதான் கேட்கவில்லை என்று நினைக்கிறேன்.

போன வருடம் ஆங்கில ஆசிரியர்களுக்கு ஒரு பயிற்சி என்று கொழும்புக்குக் கூப்பிட்டார்கள். மத்தியான இடைவேளையில் பக்கத்துப் பழைய புத்தகக் கடைக்குள் போனேன். சமையல் புத்தகங்களுக்கு நடுவில் அந்த முதுகு தெரிந்தது. அட்டையில் முகமூடி நீல நிறத்தில் இருந்தது. பதினொரு வருடம் அதைக் கறுப்பு என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

நின்றபடியே கடைசிப் பக்கத்தைத் திருப்பினேன். ஆறு பெட்டிகள். தெரு, படலை, முகமூடி, பெண், கை, கதவு. கதவுக்குப் பக்கத்தில் குமிழி. குமிழிக்குள் ஒன்றும் இல்லை.

அச்சுப் பிழையாக்கும் என்று முதலில் நினைத்தேன். பார்த்தீர்களா, அப்போதும் எனக்குப் புத்தி வரவில்லை. பிறகுதான் விளங்கியது. வரைந்தவர்களே அதை வெறுமையாக விட்டிருக்கிறார்கள். அவள் என்ன சொன்னாள் என்பதை வாசிக்கிறவர்களே நினைத்துக்கொள்ளட்டும் என்று விட்டிருக்கிறார்கள். அதாவது, அவன் ஒன்றையும் அழிக்கவில்லை. வெள்ளைக்கு மேல் வெள்ளை அடித்துக் கொண்டுவந்து, அழிந்துபோய்விட்டது, நீ எழுது என்று என்னிடம் நீட்டியிருக்கிறான்.

கடைக்காரர் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டார், நான் கேட்கவில்லை. என் முகம் எப்படி இருந்ததோ தெரியாது. கள்ளன் என்று வாய்க்குள் சொன்னேன். பிறகு அழுகை வந்தது. பயிற்சிக்குத் திரும்பிப் போகாமல் அந்த ஸ்டூலிலேயே பின்னேரம்வரை இருந்தேன். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்கு அப்போது அந்தப் படிக்கட்டு வேண்டும்போல இருந்தது. பேனையை மூடித் திறக்கிற அந்தக் கை வேண்டும்போல இருந்தது. வேறு ஒன்றும் வேண்டியிருக்கவில்லை.

ஊருக்கு வந்து இரண்டு கிழமை பொறுத்தேன். அவன் இன்னும் கட்டாரில்தான். மனைவியும் மகளும் வாழைச்சேனையில். ஒரு பெண்ணின் வீட்டில் கால் வைத்திருக்கிற மனிதனைப் போனில் எடுத்து என்ன கேட்கப் போகிறாய் என்று என்னையே ஏசினேன். கேட்காவிட்டால் எனக்கு விசர் பிடித்துவிடும் என்றும் தெரிந்தது. ஒரு வெள்ளிக்கிழமை, அவனுக்கு லீவு நாள், பள்ளிக்கூடம் விட்டு வந்து சாப்பிடாமலே எடுத்தேன்.

முதலில் சுகம் விசாரித்தோம். மகளை வருகிற தை மாதம் பள்ளிக்கூடத்தில் சேர்க்கிறார்களாம். அவள் இடது கையால் எழுதுகிறாளாம், மாற்ற வேண்டுமா என்று என்னிடம் கேட்டான். மாற்றாதே என்றேன். தங்கைகள் இருவரும் சுகம். அதற்குப் பிறகு பேச ஒன்றும் இருக்கவில்லை. போனை வைக்கப் போகிறான் என்று தெரிந்ததும் சொல்லிவிட்டேன்.

"கடைசிக் குமிழிக்குள்ள ஒண்டும் இருக்கேல்ல."

எங்கே பார்த்தாய் என்று கேட்டான். கொழும்பில் என்றேன். பதினொரு வருடம் பிடித்திருக்கிறது உனக்கு என்று சிரித்தான். நான் சிரிக்கவில்லை. ஏன் அப்படிச் செய்தாய் என்று கேட்டேன்.

"வெறுமையாக் கிடக்கெண்டு சொல்லியிருந்தா நீ அப்பிடியே விட்டிருப்பாய். உன்னத் தெரியாதா எனக்கு. அழிஞ்சுபோச்செண்டு சொன்னாத்தான் ஏதும் எழுதுவாய் எண்டு பாத்தன். நீ என்னெண்டா மிஸ்ஸுக்கு ஈமெயில் போட்டாய்."

நேரே கேட்டிருக்கலாமே என்றேன். புல் முளைத்த அத்திவாரத்தில் உன்னை இருத்திச் சோறு போட்ட பிறகு எந்த வாயால் கேட்பது என்றான். அதில் கோபம் இல்லை. வயல் விளையவில்லை என்று சொல்வதுபோல, நடந்ததைச் சொன்னான். நான் எழுதுவேன் என்று ஒவ்வொரு நாளும் பார்த்திருக்கிறான். விமான நிலையத்துக்குப் போகும் வழியில்கூடப் போனை இரண்டு தரம் எடுத்துப் பார்த்தானாம்.

எனக்கு இனி ஒளிக்க ஒன்றும் இருக்கவில்லை. அவனுக்கு மனைவி இருக்கிறாள், மகள் இருக்கிறாள், அது எனக்குத் தெரியும். அவனிடமிருந்து ஒன்றையும் பறிக்க நான் எடுக்கவில்லை. ஆனால் அந்தக் குமிழி எனக்குத் தரப்பட்டது, நிரப்ப வேண்டியவள் நான். அவன் கேட்காமலே சொன்னேன்.

"இவ்வளவு நேரமும் வெளியில நிண்டு என்ன செய்யிறாய், உள்ள வா. இதத்தான் எழுதியிருப்பன்."

அங்கே பின்னால் யாரோ பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டது. நீ எழுதியிருந்தால் நான் போயிருக்கவே மாட்டேன் என்று சொல்லப் போகிறான் என்று நினைத்தேன். அதைக் கேட்க ஆசையாகவும் இருந்தது, பயமாகவும் இருந்தது.

"அப்பயும் நான் போயிருப்பன்," என்றான். "தங்கச்சிமார இருத்தத்தானே வேணும். ஆனா எல்லாம் முடிஞ்சு மறுகா, உன்ட வீட்டுக்குத்தான் திரும்பி வந்திருப்பன்."

ஓம், வந்திருப்பாய் என்றேன் நான்.